கைலாயம் எங்கே இருக்கிறது? உலக மலைத்தொடர்கள் பற்றி ஒரு பாடம்



இந்தப் பாடம் ஒரு பிழையிலிருந்து தொடங்குகிறது. பிழை விட்டவன் நான்.

சிவராத்திரி இரவில் பிள்ளைகள் நித்திரை கொள்ளாமல் இருப்பதற்காக நமது கோயில் மண்டபத்தில் வினாவிடைப் போட்டி நடத்துவது உங்களுக்குத் தெரிந்ததே. இம்முறை வினாத்தாளைத் தயாரித்தவனும் திருத்தியவனும் அடியேனே. இரண்டாஞ் சாமப் பூசைக்கும் மூன்றாஞ் சாமப் பூசைக்கும் இடையில், மண்டபத்தின் மூலையில் தேநீருடன் இருந்து திருத்திய தாள்கள் அவை. ஒன்பதாவது வினா, "கைலாய மலை எங்கே உள்ளது?" என்பது. "இந்தியாவில், இமயமலையில்" என்று எழுதிய எல்லோருக்கும் முழுப்புள்ளி கொடுத்தேன். ஒரு பிள்ளை மட்டும் "திபெத்தில், இமயமலைக்கு வடக்கே" என்று எழுதியிருந்தாள். அதற்குப் பிழை போட்டேன். அந்த இரண்டு புள்ளியால் அவளுக்கு முதலாம் பரிசு தவறிப்போனது.

அடுத்த சனிக்கிழமை தமிழ் வகுப்பு முடிந்ததும், நோர்வேஜியப் பாடசாலையில் கொடுத்த அட்லஸைத் தூக்கிக்கொண்டு என் மேசையடிக்கு வந்தாள். "சேர், கோவிக்காதேங்கோ. இதை ஒருக்கால் பாருங்கோ" என்று பக்கத்தைத் திறந்து விரலை வைத்தாள். விரல் இருந்த இடம் திபெத். ஊரிலே பல வருடம் புவியியல் படிப்பித்தவன் நான். பழைய கையேடு ஒன்றில் இருந்த விடையைப் பார்க்காமலே நம்பியதன் பலன் இது. "நீ எழுதினதுதான் சரி பிள்ளை" என்றேன். அவள் அதோடு விடவில்லை. "அப்ப ஏன் சேர் எல்லாரும் இந்தியா எண்டு எழுதினவை?" என்று கேட்டாள். அன்றைக்கு அவளுக்குச் சொல்லத் தொடங்கி, நேரம் போதாமல் விட்டதையே இங்கு எழுதுகிறேன். பெற்றோர்கள் தயவுசெய்து ஓர் உலகப்படத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டுங்கள். நாடுகளை நிறம் நிறமாகக் காட்டும் படம் வேண்டாம். உயர்ந்த நிலத்தை மண்ணிறத்திலும் தாழ்ந்த நிலத்தைப் பச்சையிலும் காட்டும் படமே நமக்குத் தேவை.

எல்லோரும் இந்தியா என்று எழுதியதில் வியப்பில்லை. கைலாயம் என்றதும் நமக்கு நினைவில் வருவது அப்பர் சுவாமிகள் கைலாய யாத்திரை புறப்பட்டுத் திருவையாற்றிலே காட்சி பெற்ற வரலாறு. ஈழத்தவர்க்குத் திருகோணமலைக் கோணேசர் கோயில் தட்சிண கைலாயம். பாட்டிலும் கதையிலும் கைலாயம் நமக்கு மிகக் கிட்ட நிற்கிறது. தேசப்படத்தில் அது நிற்கும் இடம் வேறு.

இப்போது படத்தைப் பாருங்கள். இந்தியாவுக்கு மேலே வில்லைப்போல் வளைந்து கிடக்கும் கடும் மண்ணிறப் பட்டையே இமயம். மேற்கே பாகிஸ்தானில் சிந்து நதி வளைந்து திரும்பும் இடத்தில் நிற்கும் நங்கா பர்வதத்தில் தொடங்கி, கிழக்கே திபெத்தில் பிரமபுத்திரா வளைந்து திரும்பும் இடத்தில் நிற்கும் நம்சா பர்வா வரை ஏறக்குறைய 2,400 கிலோமீற்றர் நீளம். பாகிஸ்தான், இந்தியா, நேபாளம், பூட்டான், சீனாவின் ஆட்சியிலுள்ள திபெத் ஆகிய ஐந்தின் மீதும் அது படுத்திருக்கிறது. ஆகவே "இமயமலை எந்த நாட்டில்?" என்ற கேள்வியே அரைகுறையான கேள்வி. எல்லைக்கோடுகள் மனிதர் பின்னாளில் போட்டவை.

அந்தப் பட்டைக்கு வடக்கே இன்னொரு தொடர் அதற்குச் சமாந்தரமாக ஓடுகிறது. அதிலேதான் 6,638 மீற்றர் உயரமான கைலாயம் நிற்கிறது. அதன் தெற்கே மானசரோவர் ஏரி. அந்த வட்டாரத்திலிருந்து நான்கு பெரிய ஆறுகள் நான்கு திசைக்குப் புறப்படுகின்றன: சிந்து, சத்லஜ், பிரமபுத்திரா, கங்கையிலே போய்ச் சேரும் கர்ணாலி. சிந்து அரபிக்கடலில் விழுகிறது. பிரமபுத்திரா வங்காள விரிகுடாவில் விழுகிறது. ஒரே முற்றத்தில் பிறந்த இரண்டு ஆறுகள் இந்தியத் துணைக்கண்டத்தையே இரண்டு பக்கமாகச் சுற்றிவந்து இரண்டு கடலில் சேர்கின்றன. சைவர்கள் மட்டுமன்றி பௌத்தர், சமணர், திபெத்தின் பழைய பொன் சமயத்தார் ஆகியோருக்கும் அந்த மலை புனிதமானது. அதன்மேல் யாரும் ஏறியதாகப் பதிவு இல்லை. சுமார் 52 கிலோமீற்றர் தூரம் சுற்றி வலம் வருவதே வழக்கம். இந்திய அரசு ஒழுங்கு செய்யும் யாத்திரை 2020இல் நின்றுபோய் 2025இல் மீண்டும் தொடங்கியது. யாத்திரிகருக்குச் சீன அனுமதி வேண்டும் என்பதிலிருந்தே அது எங்கே இருக்கிறது என்பது எனக்கு நினைவு வந்திருக்க வேண்டும்!

இனி நிலத்துக்கு அடியில் என்ன நடந்தது என்று பார்ப்போம். இதுதான் பாடத்தின் முக்கியமான பகுதி.

பூமியின் மேலோடு ஒரே துண்டு அன்று. அது பல பெரிய தகடுகளாகப் பிரிந்து, நாம் உணராத வேகத்தில் நகர்ந்துகொண்டிருக்கிறது. நமது விரல் நகம் வளரும் வேகம் என்று சொல்வார்கள். யாழ்ப்பாணமும் மதுரையும் மட்டக்களப்பும் தில்லியும் ஏறியிருக்கும் தகட்டுக்கு இந்தியத் தகடு என்று பெயர். முன்னொரு காலத்தில் அது தெற்கே அண்டாட்டிக்கா, ஆபிரிக்கா, மடகஸ்கார் ஆகியவற்றோடு ஒட்டியிருந்தது. பிறகு பிரிந்து வடக்கு நோக்கி ஓடியது. ஆசியாவுக்கும் அதற்கும் இடையில் ஒரு கடல் இருந்தது. அறிஞர்கள் அதற்குத் தெத்திஸ் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். சுமார் 5 கோடி ஆண்டுகளுக்கு முன் இந்தியத் தகடு ஆசியாவில் போய் மோதியது. கோயில் மண்டபத்தில் விரித்திருக்கும் கம்பளத்தை இரு பக்கத்திலிருந்தும் இரண்டு பிள்ளைகள் தள்ளினால் நடுவிலே மடிப்பு எழும்பும் அல்லவா? அப்படி எழும்பியதே இமயம். கடலடியில் படிந்திருந்த மண்ணும் சுண்ணாம்பும் மடிந்து மேலே போயின. இன்று 8,848.86 மீற்றர் உயரம் என்று நேபாளமும் சீனாவும் 2020இல் சேர்ந்து அறிவித்த எவரெஸ்ட் சிகரத்தின் உச்சியில், பழங்காலக் கடல் உயிர்களின் எச்சங்கள் உள்ள சுண்ணாம்புக்கல் இருக்கிறது. யாழ்ப்பாணத்தில் கிணறு வெட்டினால் வருவதும் கடல் தந்த சுண்ணாம்புக்கல்தான். வயது வேறு, பிறப்பு ஒன்று.

மோதிய இரண்டு நிலங்களும் ஒட்டிய இடத்தில் ஒரு தையல் இருக்கிறது. புண்ணுக்குப் போட்ட தையல்போல அது சிந்து நதியின் மேற்பகுதியிலும் பிரமபுத்திராவின் மேற்பகுதியிலும் கிழக்கு மேற்காக ஓடுகிறது. கைலாயம் அந்தத் தையலுக்குச் சற்று வடக்கே, ஆசியப் பக்கத்தில் நிற்கிறது. அதன் பாறையை உற்றுப் பார்த்தவர்கள், அது ஆறுகள் உருட்டிக்கொண்டு வந்த கற்கள் ஒன்றாய் இறுகி உண்டான பாறை என்று கண்டிருக்கிறார்கள். ஆக, நம் தகடு முடிகிற இடத்துக்கு அப்பால், பழைய ஆசியாவின் கரையோரத்தில் கைலாயம் இருக்கிறது. அரசியல் படத்தைப் பார்த்தாலும் பாறையைப் பார்த்தாலும் அந்தப் பிள்ளை எழுதியதே சரி.

மோதல் இன்னும் முடியவில்லை. இந்தியத் தகடு ஆண்டுக்குச் சில சென்ரிமீற்றர் வீதம் இன்றும் தள்ளிக்கொண்டிருக்கிறது. 2015 ஏப்ரல் 25ஆம் தேதி நேபாளத்தில் ஏறக்குறைய 9,000 பேரைக் கொன்ற நிலநடுக்கம் இந்தத் தள்ளலால் வந்தது. அதே தகட்டின் கிழக்கு விளிம்பு சுமாத்திராத் தீவின் அடியில் சொருகிப் போகிறது. அந்த விளிம்பின் மேலே எரிமலைகள் நிறைந்த தொடர் ஒன்று சுமாத்திராவின் முதுகெலும்புபோல் நீண்டு கிடக்கிறது. 2004 டிசம்பர் 26ஆம் தேதி அந்த விளிம்பு கடலுக்கடியில் சட்டென்று நழுவியது. அன்று காலையில் முல்லைத்தீவிலும் மட்டக்களப்பிலும் அம்பாறையிலும் என்ன நடந்தது என்பதை இதை வாசிக்கும் பல குடும்பங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. இலங்கையில் மட்டும் முப்பதாயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். சுனாமிக்குப் பின் பிறந்த பிள்ளைகள் "ஏன் வந்தது?" என்று கேட்டால், "இமயமலையை உயர்த்துகிற அதே தகடுதான்" என்று பதில் சொல்லலாம். மலைத்தொடர்கள் எங்கே இருக்கின்றன என்று அறிவது வெறும் மனப்பாடம் அன்று என்பதற்காகவே இதைச் சொன்னேன்.

இப்போது விரலை இமயத்தில் வைத்து மேற்கே இழுத்துக்கொண்டு போங்கள். காரகோரம், இந்துகுஷ், ஈரானில் சாக்ரோஸ், கருங்கடலுக்கும் காஸ்பியன் கடலுக்கும் இடையில் கோக்கசஸ், பிறகு கார்பாத்தியன், அல்ப்ஸ், பிரான்சுக்கும் ஸ்பெயினுக்கும் நடுவில் பிரனீஸ், மொரோக்கோவில் அட்லஸ். ஏறக்குறைய அறுபடாத ஒரே மண்ணிறப் பட்டை! வடக்கேயுள்ள பெருநிலத்தோடு தெற்கேயுள்ள தகடுகள் மோதிய மோதலின் வரிசை இது. இவற்றுள் காரகோரத்தைப் பற்றி ஒரு சொல். உலகின் இரண்டாவது உயர்ந்த சிகரமான கே-2 (8,611 மீற்றர்) இமயத்தில் இல்லை, காரகோரத்தில் இருக்கிறது. 8,000 மீற்றரைத் தாண்டிய பதினான்கு சிகரங்களும் இந்த இரண்டு தொடர்களிலேயே இருக்கின்றன. ஐரோப்பாவின் உயர்ந்த சிகரம் எது என்று கேட்டால் பலர் அல்ப்ஸிலுள்ள மொன் பிளாங் என்பார்கள். கோக்கசஸை ஐரோப்பாவோடு சேர்த்தால் 5,642 மீற்றர் உயரமான எல்புரூஸ்தான் உயர்ந்தது. மொன் பிளாங் 4,800 மீற்றருக்குச் சற்றே கூட.

சுவிஸில் சொந்தக்காரர் இல்லாத குடும்பம் நம்மிடையே குறைவு. அவர்களைப் பார்க்கப் போகும்போது பிள்ளைகளுக்கு அல்ப்ஸைக் காட்டுங்கள். பிரான்சிலிருந்து சுலோவேனியா வரை எட்டு நாடுகளில் சுமார் 1,200 கிலோமீற்றர் வளைந்து கிடக்கிறது. வடகடலுக்குப் போகும் ரைன் ஆறும் மத்தியதரைக் கடலுக்குப் போகும் ரோன் ஆறும் ஒன்றுக்கொன்று வெகு தூரமில்லாமல் அங்கே பிறக்கின்றன. மேலே ஏறமுடியாத மலையை அடியால் துளைத்து, 57 கிலோமீற்றர் நீளமான கொத்தார்ட் ரயில் சுரங்கத்தை 2016இல் திறந்தார்கள்.

இனி அத்திலாந்திக் சமுத்திரத்தைத் தாண்டுவோம். அமெரிக்கக் கண்டங்கள் இரண்டின் மேற்குக் கரையையும் பாருங்கள். தெற்கே அந்தீஸ், வடக்கே றொக்கி. பசிபிக் சமுத்திரத்தின் அடித்தளமான தகடு தென்னமெரிக்காவின் அடியில் சொருகுவதால் அந்தீஸ் எழும்பியது. எரிமலைகளும் பெரும் நிலநடுக்கங்களும் அங்கே சாதாரணம். கருவிகளால் அளந்தவற்றுள் மிகப் பெரிய நிலநடுக்கம் 1960இல் சிலியில் நடந்தது. நிலத்தின்மேல் உள்ள மலைத்தொடர்களில் அந்தீஸ்தான் மிக நீளமானது. ஏழு நாடுகளில் ஏறத்தாழ 7,000 கிலோமீற்றர். ஆர்ஜென்ரீனாவிலுள்ள அக்கொன்காகுவா 6,961 மீற்றர்; ஆசியாவுக்கு வெளியே அதைவிட உயர்ந்த மலை இல்லை. நாம் மசால்தோசைக்கு அவிக்கிற உருளைக்கிழங்கை முதன்முதல் பயிராக்கியவர்கள் இந்த மலைவாசிகள். பிறகு அது கப்பலேறி ஐரோப்பாவுக்கு வந்து, அங்கிருந்து நுவரெலியாவுக்கும் போயிற்று. தோசைக்குள் அந்தீஸ் இருக்கிறது என்று சொன்னால் பிள்ளைகள் மறக்கமாட்டார்கள். என் வகுப்பில் பரீட்சித்துப் பார்த்துவிட்டேன்.

றொக்கி மலைகள் பற்றி ஒரு எச்சரிக்கை. கனடா என்றதும் நமக்கு ரொறொன்ரோ. அங்கே போனால் றொக்கி மலையைப் பார்க்கலாம் என்று ஒரு தம்பி எழுதியிருந்தான். றொக்கி அங்கிருந்து மேற்கே, விமானத்தில் நாலு மணித்தியாலம் போக வேண்டிய தூரத்தில் இருக்கிறது. அந்தத் தொடரின் முகட்டில் விழும் மழை ஒரு பக்கம் பசிபிக்குக்கும் மறு பக்கம் வேறு சமுத்திரங்களுக்கும் போகிறது.

இதுவரை சொன்னவை வயதில் இளைய மலைகள். இளையவை உயரமாகவும் கூராகவும் இருக்கும். இனி வயோதிப மலைகளுக்கு வருவோம். அவற்றைத் தேடி எங்கும் போகத் தேவையில்லை. ஒஸ்லோவிலிருந்து பேர்கனுக்கு ரயிலில் போனவர்கள் அவற்றின் முதுகிலேறி இறங்கியவர்கள்தான். பின்சே நிலையத்தில், 1,222 மீற்றர் உயரத்தில், வைகாசியிலும் வெண்பனி கிடக்கும்.

சுமார் 40 கோடி ஆண்டுகளுக்கு முன், இமயம் பிறப்பதற்கு வெகு காலம் முந்தி, இன்றைய நோர்வேயும் சுவீடனும் இருக்கும் நிலம் இன்றைய கிறீன்லாந்தும் வட அமெரிக்காவும் இருக்கும் நிலத்தோடு மோதியது. அப்போது எழும்பிய மலைகள் இன்றைய இமயத்துக்கு ஒப்பானவையாக இருந்திருக்கும் என்பது அறிஞர் கருத்து. பின்பு நிலம் மறுபடியும் பிளந்தது. சுமார் 5½ கோடி ஆண்டுகளுக்கு முன் நோர்வேக்கும் கிறீன்லாந்துக்கும் நடுவில் கடல் புகுந்தது. ஒரே மலைத்தொடர் துண்டு துண்டாகிக் கடலின் இரு கரைகளிலும் நின்றது. நோர்வேயின் மலைகள், ஸ்கொத்லாந்தின் உயர்நிலம், கிழக்குக் கிறீன்லாந்து, வட அமெரிக்காவின் கிழக்கேயுள்ள அப்பலாச்சியன் மலைகளின் ஒரு பகுதி ஆகிய எல்லாம் ஒரு குடும்பம். அண்ணன் நோர்வேயிலும் தம்பி லண்டனிலும் அக்கா கனடாவிலுமாகப் பிரிந்துபோன நம் குடும்பங்களைப் போல என்று வகுப்பில் சொன்னேன். பிள்ளைகள் சிரித்தார்கள், பின்வரிசையில் இருந்த அம்மாமார் சிரிக்கவில்லை.

மழையும் பனிக்கட்டியாறும் கோடிக்கணக்கான ஆண்டுகள் தேய்த்ததால் இந்த மலைகளின் தலை மொட்டையாகிவிட்டது. பனிக்கட்டியாறுகள் தோண்டிய பள்ளங்களில் கடல் ஏறியதே நாம் விருந்தாளிகளைக் கூட்டிக்கொண்டு போய்க் காட்டும் பியோர்ட்கள். நோர்வேயின் மிக உயர்ந்த மலை யோத்துன்ஹைமன் பகுதியிலுள்ள கால்ட்ஹோப்பிக்கன்: 2,469 மீற்றர். யோத்துன்ஹைமன் என்றால் இராட்சதர்களின் வீடு. எந்த ஊர் மனிதனும் மலையைத் தனக்கு மேற்பட்டவர்கள் குடியிருக்கும் இடமாகவே எண்ணியிருக்கிறான்.

இங்கே பிள்ளைகளுக்கு ஒரு கேள்வி. நோர்வேயின் மிக உயர்ந்த மலை உயரமா, இலங்கையின் மிக உயர்ந்த மலை உயரமா? வகுப்பில் இருபது பேரில் பதினெட்டுப் பேர் நோர்வே என்றே கை உயர்த்தினார்கள். நுவரெலியாவுக்கு மேலே நிற்கும் பீதுருதாலகாலை 2,524 மீற்றர். கால்ட்ஹோப்பிக்கனைவிட 55 மீற்றர் கூட! கேரளத்தில் மேற்குத் தொடர்ச்சி மலையிலுள்ள ஆனைமுடி 2,695 மீற்றர். அது இரண்டையும்விட உயரம்.

"அப்ப ஏன் சேர் அங்கை ஸ்னோ இல்லை?" என்று உடனே கேட்டார்கள். நல்ல கேள்வி. கால்ட்ஹோப்பிக்கன் பூமத்திய கோட்டிலிருந்து வடக்கே அறுபத்தொன்றரைப் பாகையில் நிற்கிறது. பீதுருதாலகாலை வெறும் ஏழு பாகையில். அங்கே தை மாதத்து விடியலில் சில நாட்கள் புல்லில் உறைபனி படியும், அவ்வளவே. பூமத்திய கோட்டின் அருகே நிலையான பனி வேண்டுமானால் மலை ஐயாயிரம் மீற்றர் அளவுக்கு உயர வேண்டும். 5,895 மீற்றர் உயரமான ஆபிரிக்காவின் கிளிமஞ்சாரோவில் அப்படிப் பனிக்கட்டி உண்டு. இப்போது அதுவும் ஆண்டுதோறும் சுருங்கிக்கொண்டு வருகிறது.

இலங்கையின் மத்திய மலைநாடும் மேற்குத் தொடர்ச்சி மலையும் இமயத்தைப்போல் அண்மையில் மடிந்து எழுந்தவை அல்ல. அவற்றின் பாறைகள் மிக மிகப் பழையவை. அண்டாட்டிக்காவோடும் மடகஸ்காரோடும் ஒட்டியிருந்த காலத்துச் சொத்து. மேற்குத் தொடர்ச்சி மலையைக் கிழக்கேயிருந்து பார்த்தால் மேட்டுநிலம்; மேற்கேயிருந்து பார்த்தால் செங்குத்தான சுவர். அது உண்மையில் தக்காணப் பீடபூமியின் உடைந்த விளிம்பு.

மலை எங்கே நிற்கிறதோ அதற்கு ஏற்றபடியே மழையும் பெய்யும். பேர்கனில் இருக்கும் குடும்பங்களிடம் கேட்டால் தெரியும்; குடை இல்லாமல் கோயிலுக்கு வந்ததாகச் சரித்திரமில்லை. அங்கே ஆண்டுக்கு 2,000 மில்லிமீற்றருக்கு மேல் மழை. மலையைத் தாண்டி கிழக்கே உள்ள ஷோக் என்ற இடத்தில் சுமார் 300 மில்லிமீற்றர் மட்டுமே. பழங்காலத்திலிருந்தே அங்கே வாய்க்கால் வெட்டித்தான் வெள்ளாமை செய்தார்கள். கடற்காற்று மலையேறும்போது குளிர்ந்து மழையைக் கொட்டிவிட்டு, மறுபக்கம் இறங்கும்போது வரண்டு சூடாகிறது. தென்மேல் பருவக்காற்று மத்திய மலைநாட்டின் மேற்குச் சரிவில் மழையை இறக்கிவிட்டு மட்டக்களப்புப் பக்கம் வரும்போது உடம்பை எரிக்கும். அதற்குத்தான் நம்மவர் கச்சான் காற்று என்று பெயர் வைத்தார்கள். அல்ப்ஸில் இதே காற்றுக்கு ஃபோன் என்று பெயர். நம் வீட்டுக் குளியலறையில் தலைமயிர் உலர்த்தும் கருவியை நோர்வேஜிய மொழியில் ஃபோனர் என்கிறோமே, அந்தச் சொல் அங்கிருந்து வந்தது. கச்சான் என்று தமிழில் சொன்னால் கடலையைத் தேடுகிற பிள்ளைகளுக்கு இது உதவும்.

மற்றத் தொடர்களை விரைவாகக் கடந்துவிடுகிறேன். ரஷ்யாவின் ஊரல் மலைகள் வடக்குத் தெற்காக சுமார் 2,500 கிலோமீற்றர் நீண்டு, ஐரோப்பாவுக்கும் ஆசியாவுக்கும் வேலியாகக் கருதப்படுகின்றன. உயரமோ 1,895 மீற்றரைத் தாண்டாது. அவுஸ்திரேலியாவின் கிழக்குக் கரை நெடுகப் பெரும் பிரிப்பு மலைத்தொடர். அங்குள்ள உயர்ந்த கொசியஸ்கோ 2,228 மீற்றர், நமது சிவனொளிபாதமலையைவிட (2,243 மீற்றர்) சற்றுக் குறைவு. நியூசிலாந்தின் தென் அல்ப்ஸ் இன்னும் வளரும் இளைய மலை. தென்னாபிரிக்காவில் டிராக்கன்ஸ்பேர்க், கரும்புத் தோட்டங்களுக்குப் போன நம்மவர் குடியேறிய நேட்டாலுக்குப் பின்சுவர் அது. கிளிமஞ்சாரோ எந்தத் தொடரையும் சேராத தனி எரிமலை. உயரமான மலை எல்லாம் தொடராக இருக்க வேண்டியதில்லை. அண்டாட்டிக்காவின் குறுக்கேயும் சுமார் 3,500 கிலோமீற்றருக்கு ஒரு தொடர் உண்டு, பெரும்பகுதி பனிக்கட்டிக்குள் புதைந்தபடி.

எல்லாவற்றிலும் நீளமான தொடர் நம் கண்ணில் படுவதே இல்லை. சமுத்திரங்களின் அடியில், தகடுகள் ஒன்றைவிட்டு ஒன்று விலகும் இடங்களில், 60,000 கிலோமீற்றருக்கும் மேலாக ஒரு மலைத்தொடர் பூமியைச் சுற்றி ஓடுகிறது. ஐஸ்லாந்தில் அது தண்ணீருக்கு வெளியே தலை நீட்டுகிறது. இந்த இடத்தில் இன்னொன்றையும் ஒப்புக்கொள்ள வேண்டும். போட்டியில் பத்தாவது வினா, "உலகின் மிக நீளமான மலைத்தொடர் எது?" என்பது. "நிலத்தின்மேல்" என்ற சொல்லைச் சேர்க்காமல் விட்டேன். யாராவது கடலடித் தொடர் என்று எழுதியிருந்தால் அதற்கும் பிழை போட்டிருப்பேன். நல்லவேளை, ஒருவரும் எழுதவில்லை.

கடலடி என்றதும் இன்னொரு செய்தி. இமயத்திலிருந்து கங்கையும் பிரமபுத்திராவும் அரித்துக்கொண்டு வரும் மண் வங்காள விரிகுடாவின் அடியில் விசிறிபோலப் பரந்து, சுமார் 3,000 கிலோமீற்றர் தெற்கே, இலங்கையையும் தாண்டிக் கிடக்கிறது. திருகோணமலையில் கோணேசர் கோயிலடியில் நின்று கிழக்கே கடலைப் பார்க்கிறோமே, அந்த ஆழ்கடலின் அடியில் இமயத்தின் மண் படிந்திருக்கிறது. தட்சிண கைலாயம் என்று பெயர் வைத்தவர்களுக்கு இது தெரிந்திருக்க நியாயமில்லை. எனக்கு அந்த எண்ணம் பிடித்திருக்கிறது.

போட்டி முடிவு பற்றி: ஒன்பதாவது வினாவுக்கான இரண்டு புள்ளிகளும் அந்தப் பிள்ளைக்குச் சேர்க்கப்பட்டுவிட்டன. முன்பு கொடுத்த பரிசைத் திரும்ப வாங்குவது முறையன்று என்பதால், முதலாம் பரிசு இரண்டு பேருக்கு வழங்கப்படும். இரண்டாவது பரிசுக்கான புத்தகத்தை என் செலவில் வாங்கியிருக்கிறேன். அட்லஸ்தான், புதிய பதிப்பு. அதில் கைலாயம் சரியான இடத்தில் இருக்கிறதா என்று கடையிலேயே பார்த்துவிட்டேன்.

பிள்ளைகளுக்கு வீட்டுப்பாடம். மகாவலி கங்கை எந்த மலைகளில் பிறந்து எந்தக் குடாவில் கடலோடு சேர்கிறது? நீங்கள் வாழும் நகரத்துக்குக் குடிதண்ணீர் எந்த ஏரியிலிருந்து அல்லது எந்த மலையிலிருந்து வருகிறது? (இதற்குக் கொமியூன் அலுவலகத்தில் கேட்கலாம்; அப்பாவிடம் கேட்டால் "குழாயிலிருந்து" என்பார்.) மூன்றாவது, இந்தக் கோடை விடுமுறையில் நீங்கள் போகும் மலை எந்தத் தொடரைச் சேர்ந்தது, அது இளையதா கிழவியா? விடைகளைத் தமிழில் எழுதி, தேர்த்திருவிழாவுக்கு முந்திய சனிக்கிழமை வகுப்பில் என்னிடம் தாருங்கள். என் திருத்தத்தில் பிழை இருந்தால் அட்லஸோடு வரலாம்.